கல்லீரல் நோயாளி திடீரெனக் குழம்பினால்: வீட்டில் கூட இருப்பவர்களுக்கு ஒரு வழிகாட்டி

அப்பாவுக்கு அப்போது 64 வயது. குடிப்பழக்கம் அறவே கிடையாது. நீண்டநாள் சர்க்கரை நோயும் கொழுப்பு படிந்த கல்லீரலும் சேர்ந்து சிரோசிஸில், அதாவது கல்லீரல் தழும்பேறி இறுகிப்போகும் நிலையில், கொண்டுவந்து விட்டிருந்தன. ஒரு வாரமாகப் பகலெல்லாம் தூங்கினார், இரவெல்லாம் விழித்திருந்தார். ஒரு நாள் நடு ராத்திரியில் எழுந்து குளித்து, சட்டை மாட்டிக்கொண்டு ஆபீசுக்குக் கிளம்பினார். அவர் ஓய்வு பெற்று ஆறு வருடம் ஆகியிருந்தது. வயசாகிவிட்டது என்று நினைத்தோம். பக்கத்துக் கிளினிக்கில் தூக்கம் வரவில்லை என்று சொன்னதற்கு ஒரு தூக்க மாத்திரை கிடைத்தது. அதைக் கொடுத்தோம். மறுநாள் காலை எவ்வளவு தட்டி எழுப்பியும் அப்பா கண் திறக்கவில்லை.

மருத்துவமனையில்தான் 'ஹெபாடிக் என்செபலோபதி' என்ற பெயரைக் கேட்டோம். கல்லீரல் தன் வேலையைச் செய்ய முடியாமல் போகும்போது மூளை மந்தமாகிக் குழம்புவதற்குப் பெயர் அது. சரியான சிகிச்சை தொடங்கி இரண்டாம் நாள் மாலை, "காபி வந்துச்சாப்பா?" என்று அப்பா கேட்டார். திரும்பி வந்துவிட்டார். ஆனால் அந்த ஒரு வாரத்தில் வந்த அறிகுறிகள் ஒவ்வொன்றையும் நாங்கள் கண்ணால் பார்த்திருந்தோம். என்னவென்று தெரியாததால் விட்டுவிட்டோம். டாக்டர் மாதத்துக்குப் பத்து நிமிடம் பார்க்கிறார். மீதி நேரமெல்லாம் நோயாளியோடு இருப்பது நீங்கள். இந்த நோய் முதலில் வீட்டில்தான் தலைகாட்டும். புதிதாக இந்தப் பொறுப்புக்கு வந்திருப்பவர்களுக்காக எழுதுகிறேன்.

உள்ளே என்ன நடக்கிறது

சாப்பிடும் புரதம் செரிக்கும்போதும், குடலில் இருக்கும் பாக்டீரியாக்கள் தங்கள் வேலையைச் செய்யும்போதும் அம்மோனியா உண்டாகிறது. எல்லோர் உடம்பிலும் உண்டாவதுதான். குடலிலிருந்து ரத்தம் நேராகக் கல்லீரலுக்குப் போகிறது. அங்கே அம்மோனியா யூரியாவாக மாறிச் சிறுநீரில் வெளியேறிவிடும். சிரோசிஸ் வந்த கல்லீரல் தழும்பேறி இறுகிப் போயிருக்கும். வேலை செய்யும் செல்களும் குறைவு, ரத்தம் உள்ளே நுழைவதும் கஷ்டம். அணை அடைத்தால் தண்ணீர் வேறு வாய்க்கால் தேடுவது போல, ரத்தம் பக்கவாட்டுக் குழாய்கள் வழியாகக் கல்லீரலைச் சுற்றிக்கொண்டு ஓடுகிறது. உணவுக்குழாயில் ரத்தநாளங்கள் புடைத்திருக்கின்றன என்று எண்டோஸ்கோபியில் சொல்வார்களே, அவையும் இந்த வாய்க்கால்கள்தான்.

இப்படிச் சுத்தமாகாத ரத்தம் மூளைக்குப் போகிறது. அங்கே ஆஸ்ட்ரோசைட் என்ற துணை செல்கள் அம்மோனியாவைப் பிடித்து குளுட்டமினாக மாற்றுகின்றன. அந்தக் குளுட்டமின் தண்ணீரை இழுக்க, செல்கள் ஊதுகின்றன. மூளை நிதானம் இழக்கிறது. உடம்பில் எங்காவது கிருமித் தொற்று இருந்தால் குழப்பம் இன்னும் அதிகம்.

இன்னொன்றையும் மனதில் வையுங்கள். கல்லீரல் கைவிட்ட அம்மோனியாவில் ஒரு பங்கை உடம்பின் தசைகள் வாங்கிக்கொள்கின்றன. அதனால் நோயாளியின் தோளும் தொடையும் மெலிந்து போவது வெறும் தோற்றப் பிரச்சினை இல்லை. சாப்பாட்டைப் பற்றிச் சொல்லும்போது இதற்கு மறுபடி வருகிறேன்.

சிரோசிஸ் உள்ளவர்களில் 30 முதல் 40 சதவீதம் பேருக்கு நோயின் ஏதோ ஒரு கட்டத்தில் வெளிப்படையாகத் தெரியும் அளவுக்கு இந்தக் குழப்பம் வருகிறது. வெளியே தெரியாத லேசான மந்தம் அதைவிட அதிகம் பேருக்கு இருக்கும்.

முதலில் ஒரு நோட்டு வாங்குங்கள்

நோயாளி தெளிவாக இருக்கும் நாளிலேயே இதை ஆரம்பித்துவிடுங்கள். அவருடைய 'சரியான நாள்' எப்படி இருக்கும் என்று தெரிந்தால்தான் மாறும்போது பிடிபடும். எத்தனை மணிக்குத் தூங்கி எழுகிறார், எவ்வளவு வேகமாகப் பேசுகிறார், பேப்பரில் எதைப் படிக்கிறார் என்று அரைப் பக்கம் எழுதி வைத்தாலே போதும்.

அப்புறம் தினமும் காலையில் மூன்று சின்ன வேலைகள். முதலாவது, நோட்டில் அவரே தேதியும் கிழமையும் போட்டு, தன் பெயரையும் ஒரு வரியையும் எழுத வேண்டும். கூடவே ஒரு நட்சத்திரம் வரையலாம். எங்கள் வீட்டில் அப்பாவின் கையெழுத்துதான் சரியான எச்சரிக்கை மணியாக இருந்தது. அவர் பேச்சு நன்றாக இருந்த நாளில்கூட 'ழ' கோணலாகி, வரி கீழே சரிந்து போகும். அடுத்த நாளோ அதற்கடுத்த நாளோ மந்தம் தெரியும்.

இரண்டாவது, ஒரு நிமிடத்தில் எத்தனை மிருகங்களின் பெயரைச் சொல்கிறார் என்று எண்ணுங்கள். டாக்டர்களே பயன்படுத்தும் சோதனைதான் இது. பதினைந்துக்கு மேல் வந்தால் நிம்மதி. பத்துக்கும் குறைந்தால் டாக்டரிடம் பேச வேண்டும். வயதும் படிப்பும் இந்த எண்ணிக்கையைக் கொஞ்சம் மாற்றும் என்பதால், அவருடைய நேற்றைய எண்ணோடு இன்றைய எண்ணை ஒப்பிடுவதே நல்லது.

மூன்றாவது, பஸ்ஸை நிறுத்தக் கை காட்டுவது போல இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, மணிக்கட்டை மேல்நோக்கி மடக்கி, விரல்களை விரித்து அரை நிமிடம் வைத்திருக்கச் சொல்லுங்கள். கை நொடிக்கு நொடி தொய்ந்து, பறவை இறக்கை அடிப்பது போல விழுந்து எழுந்தால் அது முக்கியமான அறிகுறி.

இதைப் பரீட்சை மாதிரி நடத்தாதீர்கள். அப்பா ஆரம்பத்தில், "என்னைப் பைத்தியம்னு நினைச்சீங்களா?" என்று கோபப்பட்டார். பேரனோடு சேர்ந்து ஆடும் விளையாட்டாக மாற்றிய பிறகு, காலையில் அவரே நோட்டைக் கேட்க ஆரம்பித்தார்.

எந்தக் கட்டம் என்று எப்படித் தெரியும்

டாக்டர்கள் இதை ஒன்று முதல் நான்கு வரை தரம் பிரிக்கிறார்கள். முதல் கட்டத்தில் தூக்கம் தலைகீழாகும். கவனம் நிற்காது, சின்னக் கூட்டல் கழித்தல் தடுமாறும், காரணமில்லாத எரிச்சலோ சிரிப்போ வரும். இரண்டாவதில் சோம்பலும், நாள் கிழமை மறப்பதும், குணம் மாறுவதும், கை படபடப்பதும் தெரியும். மூன்றாவதில் எந்நேரமும் தூக்கம். எழுப்பினால் விழிப்பார், ஆனால் எங்கே இருக்கிறோம் என்று தெரியாது. நான்காவது கோமா. சிலருக்கு மூச்சில் இனிப்பும் பூஞ்சணமும் கலந்த ஒரு வாடை வரும்.

முதல் கட்டத்திலேயே டாக்டருக்குப் போன் செய்துவிட்டால் பல சமயம் மருந்தளவை மாற்றுவதோடு முடிந்துவிடும். அந்த நோட்டு அதற்காகத்தான்.

ரத்தத்தில் அம்மோனியா அளவு பார்க்கலாமே என்று கேட்பீர்கள். அந்த எண்ணை மட்டும் வைத்து நோய் இருக்கிறது என்றோ, எவ்வளவு கடுமை என்றோ முடிவு செய்ய முடியாது. அளவு கூடியிருந்தும் தெளிவாக இருப்பவர்கள் உண்டு. குழப்பம் இருந்து அம்மோனியா சரியான அளவில் இருந்தால், வேறு காரணத்தைத் தேட வேண்டும் என்பதற்கு அது பயன்படும். ரிப்போர்ட்டைப் பார்த்துப் பயப்படவும் வேண்டாம், நிம்மதி அடையவும் வேண்டாம். ஆளைப் பாருங்கள்.

லாக்டுலோஸ்: இதை மூளை மருந்து என்று நினையுங்கள்

இந்த நோய்க்கு முதல் மருந்து லாக்டுலோஸ் என்ற இனிப்பான சிரப். மெடிக்கலில் கேட்டால் மலச்சிக்கல் மருந்து என்பார்கள். அந்தப் பெயரால்தான் அதை நிறுத்திவிடுகிறார்கள். "வயிறு நல்லாத்தானே போகுது, எதுக்கு இன்னும்?" என்று வீட்டில் யாராவது சொல்வார்கள். நிறுத்தியவர்கள் திரும்ப மருத்துவமனைக்கு வருவது வழக்கமான கதை.

அது இரண்டு வழியில் வேலை செய்கிறது. பெருங்குடலில் பாக்டீரியாக்கள் அதை உடைத்து அமிலமாக்குகின்றன. அந்த அமிலத்தில் அம்மோனியா ரத்தத்துக்குள் ஏற முடியாத வடிவத்துக்கு மாறுகிறது. அப்புறம் மலத்தோடு வெளியே தள்ளப்படுகிறது. ஆக, மலம் போவதுதான் இங்கே மூளைக்கான சிகிச்சை.

வழக்கமாக ஒரு வேளைக்கு 15 முதல் 30 மில்லி வரை, நாளுக்கு இரண்டு மூன்று வேளை எழுதிக் கொடுப்பார்கள். ஆனால் இலக்கு மில்லியில் இல்லை. ஒரு நாளைக்கு இரண்டு அல்லது மூன்று முறை இளக்கமாக மலம் போக வேண்டும், அதுதான் இலக்கு. அதற்கேற்ப அளவை எவ்வளவு கூட்டலாம், குறைக்கலாம் என்று டாக்டரிடம் முதலிலேயே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். இன்று ஒரு தடவைகூடப் போகவில்லை என்றால் என்ன செய்ய வேண்டும், ஐந்து தடவை தண்ணீராகப் போனால் என்ன செய்ய வேண்டும் என்ற இரண்டு கேள்விக்கும் பதில் உங்கள் கையில் இருக்க வேண்டும். அதிகம் கொடுத்தால் நல்லது என்று நினைக்காதீர்கள். வயிற்றுப்போக்கில் உடம்பு வறண்டு உப்புச்சத்து மாறினால் அதே குழப்பம் இன்னொரு வாசல் வழியாக வந்துவிடும்.

அளப்பதற்கு வீட்டு ஸ்பூன் வேண்டாம், பாட்டிலோடு வரும் அளவு மூடியே போதும். தித்திப்பு பிடிக்கவில்லை என்றால் தண்ணீரிலோ மோரிலோ கலந்து கொடுக்கலாம். முதல் சில நாள் வயிறு உப்பும், வாயு பிரியும், பிறகு பழகிவிடும். எத்தனை தடவை போனார் என்று கேட்க மகளுக்கும் கூச்சம், சொல்ல அப்பாவுக்கும் கூச்சம். பாத்ரூம் கதவில் ஒரு காலண்டர் தாளும் பேனாவும் தொங்கவிட்டோம். அவரே கோடு போட்டுவிடுவார். கேள்வியே இல்லை.

ஒரு முறை வந்து தேறியவர்களுக்கு ரிஃபாக்சிமின் 550 மில்லிகிராம் மாத்திரையை காலை ஒன்று, இரவு ஒன்று என்று சேர்த்துக் கொடுப்பதுண்டு. குடலுக்குள்ளேயே நின்று வேலை செய்யும் ஆன்டிபயாடிக் அது. 2010-ல் வெளிவந்த ஒரு பெரிய ஆய்வில் பெரும்பாலானோர் லாக்டுலோஸும் எடுத்துக்கொண்டிருந்தார்கள். ரிஃபாக்சிமின் எடுத்தவர்களில் ஆறு மாதத்துக்குள் 22 சதவீதம் பேருக்கு நோய் திரும்பியது, எடுக்காதவர்களில் 46 சதவீதம் பேருக்கு. விலை கொஞ்சம் அதிகம்தான். கட்டுப்படியாகவில்லை என்றால் டாக்டரிடம் வெளிப்படையாகச் சொல்லுங்கள், சத்தமில்லாமல் பாதியாகக் குறைத்துவிடாதீர்கள்.

தூண்டிவிடுவது எது

பெரும்பாலும் குழப்பம் தானாக வராது. ஏதோ ஒன்று கிளப்பிவிடும். மலச்சிக்கலும் விட்டுப்போன மருந்தும் முதலிடம். அடுத்தது ரத்தக்கசிவு. தார் போலக் கருப்பாக மலம் போனால், வயிற்றுக்குள் கசிந்த ரத்தம் குடலில் புரதமாகச் செரித்து அம்மோனியா ஆகிறது என்று அர்த்தம். இரும்புச்சத்து மாத்திரையாலும் மலம் கருக்கும். ஆனால் அதை நீங்களே தீர்மானிக்காமல் உடனே காட்டிவிடுங்கள்.

மூன்றாவது தொற்று. சிறுநீர் எரிச்சல், சளி, வயிற்று வலி எதுவானாலும் சரி. வயிற்றில் நீர் கோத்திருப்பவர்களுக்கு அந்த நீரிலேயே கிருமி பற்றும். காய்ச்சலே இல்லாமலும் வரும். அடுத்து உடம்பு வறட்சி. நீர் பிரியும் மாத்திரை சாப்பிடுபவருக்கு வாந்தியோ பேதியோ வந்தால், அந்த மாத்திரையைத் தொடரலாமா என்று அன்றே கேட்க வேண்டும். கத்திரி வெயில் மாதத்தில் கூடுதல் கவனம்.

மாத்திரைகள் விஷயத்தில் தயவுசெய்து கண்டிப்பாக இருங்கள். அல்பிரசோலம், குளோனசெபம் போன்ற தூக்க மாத்திரைகள், டிரமடால் போன்ற வலி மருந்துகள், கோடீன் கலந்த இருமல் சிரப், தூக்கம் வரவைக்கும் சளி மாத்திரைகள் எதுவும் கல்லீரல் டாக்டருக்குத் தெரியாமல் உள்ளே போகக் கூடாது. எங்கள் வீட்டில் ஒரே ஒரு மாத்திரை செய்ததை மேலே சொன்னேன். டைக்ளோஃபெனாக், ஐபுபுரூஃபன் சிறுநீரகத்தைக் கெடுக்கும், ரத்தக்கசிவையும் தூண்டும். காய்ச்சலுக்கும் வலிக்கும் பாராசிட்டமால் எவ்வளவு வரை கொடுக்கலாம் என்று முன்கூட்டியே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். பான்டோபிரசோல் போன்ற, வயிற்று அமிலத்தைக் குறைக்கும் மாத்திரைகளைப் பழக்கத்தில் தொடர்பவர்கள், அது உண்மையிலேயே வேண்டுமா என்று கேளுங்கள். அவற்றுக்கும் இந்தக் குழப்பத்துக்கும் தொடர்பு இருப்பதை ஆய்வுகள் காட்டியிருக்கின்றன.

நாட்டு மருந்தைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். காமாலை என்றதும் அன்போடு யாராவது ஒரு பொட்டலம் கொண்டுவருவார்கள். சிரோசிஸ் வந்த கல்லீரலுக்கு எந்தப் பொடியும் சோதனைக்களம் ஆகக் கூடாது. சீந்தில் கொடியால் கல்லீரல் பாதிக்கப்பட்டவர்களைப் பற்றி இந்திய மருத்துவர்களே எழுதியிருக்கிறார்கள். மது ஒரு சொட்டும் கூடாது என்பது சொல்லாமலே தெரியும்.

பத்தியம் வேண்டாம்

காமாலைக்குக் கஞ்சியும் மோரும் மட்டும் என்பது நம் வீடுகளில் ஊறிப்போன பழக்கம். இந்த நோயில் அது பெரிய தவறு. தவறுக்கு மருத்துவத்திலும் ஒரு பழைய வேர் உண்டு. 1877-ல் ரஷ்யாவில் எக் என்பவர், நாய்களின் குடல் ரத்தம் கல்லீரலைத் தொடாமல் போகும்படி அறுவை சிகிச்சை செய்தார். 1893-ல் பாவ்லோவும் கூட்டாளிகளும் அப்படிப்பட்ட நாய்களுக்கு இறைச்சி கொடுத்தபோது, அவை தள்ளாடி வெறி பிடித்தது போல ஆனதை எழுதினார்கள். பிற்காலத்தில் பல பத்தாண்டுகள் டாக்டர்களே நோயாளிகளுக்குப் புரதத்தைக் குறைத்தார்கள். இன்று அந்த அறிவுரை மாறிவிட்டது. புரதத்தைக் குறைத்தால் தசை கரைகிறது. தசை கரைந்தால் அம்மோனியாவை வாங்க ஆள் இல்லை.

இப்போதைய பரிந்துரை, உடல் எடையில் கிலோவுக்கு 1.2 முதல் 1.5 கிராம் புரதம். வயிற்று நீரைக் கழித்து 60 கிலோ என்றால், நாளுக்கு 72 முதல் 90 கிராம். இது நிறைய. ஒரு முட்டையில் 6 கிராம்தான் இருக்கிறது. பருப்பு, பயறு, சுண்டல், தயிர், பனீர், பால் ஆகியவற்றிலிருந்து வரும் புரதம் இவர்களுக்கு இறைச்சியைவிட நன்றாக ஒத்துப்போகிறது. பயறு வகையில் நார்ச்சத்தும் இருப்பதால் மலமும் இளகும். முட்டை, மீன் சாப்பிடுபவர் நிறுத்த வேண்டியதில்லை. ஒரே மூச்சில் வயிறு நிறையச் சாப்பிடாமல் ஐந்தாறு வேளையாகப் பிரித்துக் கொடுங்கள்.

இரவு படுக்கும் முன் ஒரு வேளை கட்டாயம். கல்லீரலில் சேமிப்பு இல்லாததால், இவர்களுக்கு ஒரு இரவுப் பட்டினி என்பது ஆரோக்கியமானவர் இரண்டு மூன்று நாள் பட்டினி கிடப்பதற்குச் சமம். ஒரு டம்ளர் சத்துமாவுக் கஞ்சி பாலோடு, அல்லது இரண்டு இட்லி. சர்க்கரை நோய் இருந்தால் அளவை டாக்டரோ டயட்டீஷியனோ சொல்வார்கள். புரட்டாசி சனி, ஏகாதசி, நோன்பு எதற்கும் பட்டினி வேண்டாம்.

வயிற்றில் நீர் இருந்தால் உப்பு நாளுக்கு 5 கிராமுக்குள். ஊறுகாய், அப்பளம், கருவாடு, மிக்சர் எல்லாம் விலகிப் போகட்டும். இளநீர் நல்லதுதானே என்று தினமும் கொடுக்காதீர்கள். ஸ்பைரனோலாக்டோன் என்ற நீர் பிரியும் மாத்திரை எடுப்பவருக்கு, இளநீரில் உள்ள பொட்டாசியத்தால் ரத்தத்தில் அதன் அளவு ஏறிவிடலாம்.

எப்போது ஓட வேண்டும்

கூப்பிட்டால் சரியாக விழிக்கவில்லை, ஆளையோ இடத்தையோ அடையாளம் தெரியவில்லை, ரத்த வாந்தி, கருப்பு மலம், காய்ச்சல், வலிப்பு, தலையில் அடிபட்டது. இதில் ஒன்று இருந்தாலும் 108-ஐக் கூப்பிடுங்கள். காலை வரை பார்க்கலாம் என்று காத்திருக்க வேண்டாம்.

வண்டி வரும்வரை இடதுபக்கமாக ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். அரை மயக்கத்தில் இருப்பவர் வாயில் லாக்டுலோஸோ தண்ணீரோ ஊற்றக் கூடாது, நுரையீரலுக்குள் போய்விடும். குளுக்கோமீட்டர் இருந்தால் சர்க்கரை பாருங்கள். சர்க்கரை இறங்கினாலும் இதே போலத்தான் குழம்பும், அதை நிமிடத்தில் சரி செய்யலாம். சாப்பிடும் மாத்திரைகள் எல்லாவற்றையும், டிஸ்சார்ஜ் சம்மரியையும், அந்த நோட்டையும் ஒரே பையில் போட்டுக்கொள்ளுங்கள். அந்தப் பை எப்போதும் தயாராகக் கதவுக்குப் பின்னால் இருக்கட்டும்.

டியூட்டி டாக்டரிடம் முதல் வாக்கியத்திலேயே சிரோசிஸ் என்று சொல்லுங்கள். கடைசியாக எப்போது மலம் போனது, எந்த மருந்து விட்டுப்போனது, புதிதாக எது கொடுத்தீர்கள், எங்காவது விழுந்தாரா என்பதும் சொல்ல வேண்டியவை. இவர்களுக்கு ரத்தத்தை உறைய வைக்கும் தட்டணுக்கள் குறைவாக இருப்பதால், சின்ன அடியிலும் மூளையைச் சுற்றி ரத்தம் கசியலாம். அதை நினைத்துத்தான் தலைக்கு ஸ்கேன் கேட்பார்கள். மூக்கு வழியாகக் குழாய் போட்டோ எனிமாவாகவோ லாக்டுலோஸ் கொடுப்பார்கள், கூடவே தூண்டியது எது என்று தேடுவார்கள். தூண்டியது கிடைத்துச் சரியானால், பெரும்பாலோர் ஓரிரண்டு நாளில் தெளிகிறார்கள்.

வீட்டில் அவரோடு

பைக், கார் சாவியை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். லேசான மந்தம் உள்ள கட்டத்திலேயே வண்டி ஓட்டும் நிதானம் குறைகிறது. அதைவிட ஆபத்து, தனக்குக் குறைந்திருப்பது அவருக்கே தெரியாது. கேஸ் அடுப்பு, கிணற்றடி, மொட்டைமாடிப் படி இவற்றில் கண் இருக்கட்டும். வங்கிக் கையெழுத்து, பத்திரம், பென்ஷன் வேலைகளை அவர் தெளிவாக இருக்கும் நாளில், அவர் சம்மதத்தோடு முடித்துவிடுங்கள்.

குழப்பத்தில் அவர் திட்டலாம், அடிக்கக் கை ஓங்கலாம், சாப்பாட்டில் விஷம் வைத்தாய் எனலாம். அப்பா என் அம்மாவிடம் சொன்ன ஒரு வார்த்தைக்கு அம்மா இரண்டு நாள் அழுதார். தெளிந்த பிறகு அப்பாவுக்கு அது ஞாபகமே இல்லை. வாதாட வேண்டாம். விளக்கைப் போட்டு, பெயர் சொல்லி அழைத்து, இது வீடு, நான் உன் மகள் என்று மெதுவாகச் சொல்லுங்கள். பிறகு அதை அவரிடம் சொல்லிக் காட்டவும் வேண்டாம். அப்புறம், தெரிந்தவர்கள் "குடிப்பாரா?" என்று கேட்டுக்கொண்டே இருப்பார்கள். பதில் சொல்லும் கடமை உங்களுக்கு இல்லை. குடித்தவராகவே இருந்தாலும் அவருக்குத் தேவையான கவனிப்பு இதேதான்.

டிஸ்சார்ஜ் அன்று கேட்க வேண்டியது

முதல் தடவை இந்தக் குழப்பம் வந்து தேறியதுமே, கல்லீரல் மாற்று சிகிச்சைக்கு இவர் தகுதியானவரா என்று கேளுங்கள். டாக்டரே இந்தப் பேச்சை எடுப்பார் என்று விடாதீர்கள். கல்லீரல் நோயின் கடுமையை ரத்தப் பரிசோதனை எண்களை வைத்துக் கணிக்கும் மெல்டு (MELD) மதிப்பெண்ணில் மூளைக் குழப்பம் கணக்கில் சேராது. ரத்தப் பரிசோதனை எண்கள் நன்றாகத் தெரியும் ஒருவர் வீட்டில் மாதம் இருமுறை நினைவு தவறிக்கொண்டிருக்கலாம். உங்கள் நோட்டில் இருக்கும் தேதிகள் அதை டாக்டருக்குக் காட்டும். தமிழ்நாட்டில் மூளைச்சாவு அடைந்தவர்களின் உறுப்புகளுக்கான பட்டியலை டிரான்ஸ்டான் என்ற அரசு ஆணையம் நடத்துகிறது. நெருங்கிய உறவினர் தன் கல்லீரலில் ஒரு பகுதியைத் தருவதற்கும் வழி உண்டு. முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் கல்லீரல் மாற்று சிகிச்சையும் இருக்கிறது. அட்டை இருப்பவர்கள் மருத்துவமனையின் காப்பீட்டுப் பிரிவில் அன்றே விசாரித்து, என்னென்ன தாள்கள் வேண்டும் என்று எழுதி வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போங்கள்.